நோட்டீஸில் விட்டுப்போன பெயர்

புனே நிக்டியில் ஆண்டுவிழா நிகழ்ச்சிக்கு ஒத்திகை பார்க்கும் தம்பி, தங்கைகளுக்கு,

போன ஞாயிற்றுக்கிழமை உங்கள் ஒத்திகையில் பின்வரிசையில் உட்கார்ந்திருந்த பெரியவர் நான்தான். டீ கொடுத்தீர்கள், மின்விசிறிக்குக் கீழே நாற்காலி இழுத்துப் போட்டீர்கள். வாரத்தில் ஐந்து நாள் ஹிஞ்சேவாடிக்கும் சாகணுக்கும் வேலைக்குப் போய் அலுத்து வந்து, மிச்சமிருக்கும் பொழுதைத் தமிழுக்கென்று ஒதுக்கும் பிள்ளைகள் நீங்கள். அன்றைக்கே நேரில் சொல்லியிருந்தால் பெரியவர் சொல்கிறாரே என்று மரியாதைக்குத் தலையாட்டியிருப்பீர்கள். எழுத்தில் இருந்தால் எல்லோரும் படிக்கலாம், மறுத்துப் பேசலாம், பிறகு ஒரு முடிவுக்கு வரலாம். அதனால்தான் இந்தக் கடிதம்.

நீங்கள் தயாரித்திருப்பது ஒரு மணி நேர நிகழ்ச்சி. 'மைக்கேல் மதன காமராஜன்', 'அவ்வை சண்முகி', 'தெனாலி', 'பஞ்சதந்திரம்', 'வசூல்ராஜா எம்.பி.பி.எஸ்.' ஆகிய ஐந்து படங்களிலிருந்து சிரிப்புக் காட்சிகளை வெட்டி எடுத்து வரிசையாகக் கோத்திருக்கிறீர்கள். படத்தின் ஒலியையே ஓடவிட்டு அதற்கு வாயசைக்கிறீர்கள். நோட்டீஸை வாங்கிப் பார்த்தேன். நடிப்பவர் பெயர்கள், ஒலி, ஒளி, ஒப்பனை, சாப்பாட்டுப் பொறுப்பு, விளம்பரம் தந்த கடைகள் எல்லாம் இருக்கின்றன. கமல்ஹாசனின் படம் பெரிதாக இருக்கிறது. இந்த ஐந்து படங்களுக்கும் வசனம் எழுதியவர் ஒரே ஆள். கிரேஸி மோகன். அவர் பெயர் எங்கேயும் இல்லை.

வேண்டுமென்று விட்டிருக்க மாட்டீர்கள் என்று தெரியும். யாருக்கும் தோன்றவில்லை, அவ்வளவுதான். அப்படித் தோன்றாமல் போனதுதான் எனக்கு வலித்தது.

நான் கேட்பது இரண்டு. அந்தப் பெயரை நோட்டீஸில் போடுங்கள். அதைவிடப் பெரியது: வெட்டி ஒட்டிய துண்டுகளை விட்டுவிட்டு, ஆரம்பமும் முடிவும் உள்ள ஒரு முழு நாடகத்தைப் போடுங்கள். அவருடையதாக இருக்கலாம், நீங்களே எழுதியதாகவும் இருக்கலாம்.

அன்றைய ஒத்திகையில் ஒன்றைக் கவனித்தீர்களா தெரியாது. சாம்பாரில் மீன் விழும் காட்சி வந்தபோது நாற்பது வயதுக்கு மேற்பட்டவர்கள் எல்லோரும் வாய்விட்டுச் சிரித்தோம். எனக்கு முன்னால் மூன்றாவதோ நான்காவதோ படிக்கும் பெண் குழந்தை ஒன்று அம்மாவிடம் திரும்பி, "காய் ஜாலா?" என்று கேட்டது. என்ன ஆச்சு என்று. இங்கேயே பிறந்த குழந்தை, படத்தைப் பார்த்ததில்லை. நாங்கள் சிரித்தது மேடையில் நடந்ததைப் பார்த்து இல்லை. முப்பத்தைந்து வருஷத்துக்கு முன்னால் பார்த்த படத்தை நினைத்துச் சிரித்தோம். அந்தக் குழந்தையிடம் அந்த நினைவு இல்லை. அதற்கு வேண்டியதை மேடை கொடுத்திருக்க வேண்டும்.

அந்த மீனையே எடுத்துக்கொள்வோம். மீன் சாம்பாரில் விழுவதில் தன்னளவில் சிரிப்பு ஒன்றும் இல்லை. காமேஸ்வரன் பாலக்காட்டுச் சமையல்காரன், பரம சாது. அப்பாவும் பிள்ளையும் கைப்பக்குவத்தையும் ஆசாரத்தையும் நம்பிப் பிழைப்பவர்கள். அது கல்யாணப் பந்தி. இலை போட்டு ஆட்கள் உட்கார்ந்தாயிற்று. விஷயம் வெளியே தெரிந்தால் இனி யாரும் சமையலுக்குக் கூப்பிட மாட்டார்கள். இவ்வளவும் நம் மனசில் ஏறிய பிறகுதான் அந்த மீன் விழுகிறது. நீங்கள் மீனை மட்டும் எடுத்துக்கொண்டு வந்திருக்கிறீர்கள்; பந்தியையும் பிழைப்பையும் படத்திலேயே விட்டுவிட்டீர்கள்.

நான் ஆகுர்டிப் பக்கம் ஒரு தொழிற்சாலையின் டூல் ரூமில் முப்பது வருஷத்துக்கு மேல் வேலை பார்த்தவன். ஜிக், ஃபிக்ஸ்ச்சர் செய்வது என் தொழில். உங்களில் பாதிப் பேர் மெக்கானிக்கல் படித்தவர்கள் என்பதால் உங்களுக்குப் புரியும்: ஒரு கியரைக் கழற்றி மேஜைமேல் வைத்துவிட்டு அது சுற்றவில்லையே என்று கேட்க முடியாது. கிரேஸி மோகனும் மெக்கானிக்கல் இன்ஜினியர்தான். இது உங்களில் எத்தனை பேருக்குத் தெரியும்?

1952 அக்டோபர் 16-ல் பிறந்தவர். கிண்டி பொறியியல் கல்லூரியில் படித்தபோது 1972-ல் கல்லூரிகளுக்கிடையிலான போட்டிக்காக 'கிரேட் பேங்க் ராபரி' என்று ஒரு குறுநாடகம் எழுதினார். அதற்குக் கிடைத்த பரிசைக் கையில் கொடுத்தவர் அப்போது இளைஞராக இருந்த கமல்ஹாசன். படிப்பு முடிந்து சுந்தரம் கிளேட்டனில் வேலைக்குச் சேர்ந்தார். லாரிக்கு ஏர் பிரேக் செய்யும் கம்பெனி. 1976-ல் எஸ்.வி. சேகரின் நாடகப்ரியா குழுவுக்கு 'கிரேஸி தீவ்ஸ் இன் பாலவாக்கம்' எழுதிக் கொடுத்தார். சாதாரண மோகனுக்கு முன்னால் 'கிரேஸி' வந்து ஒட்டிக்கொண்டது அந்த நாடகத்திலிருந்துதான். 1979-ல் கிரேஸி கிரியேஷன்ஸ் என்று சொந்தக் குழு. பகலில் தொழிற்சாலை, சாயங்காலம் சபா மேடை. ஷிப்ட் முடித்து வந்து ஒத்திகை பார்க்கிறீர்களே, அதே மாதிரி வாழ்க்கைதான். பிறகு வேலையை விட்டு முழுநேர எழுத்துக்கு வந்தார்.

சினிமாவுக்கு அவரை இழுத்து வந்தவர் கே. பாலசந்தர். 'மேரேஜ் மேட் இன் சலூன்' என்ற மோகனின் நாடகம் 1983-ல் 'பொய்க்கால் குதிரை' என்று படமானது. கவிஞர் வாலி நடித்த படம் அது. அதற்கப்புறம் 1989-ல் 'அபூர்வ சகோதரர்கள்', 1990-ல் 'மைக்கேல் மதன காமராஜன்', 1994-ல் 'மகளிர் மட்டும்', 1995-ல் 'சதிலீலாவதி', 1996-ல் 'அவ்வை சண்முகி', 1998-ல் 'காதலா காதலா', 2000-ல் 'தெனாலி', 2002-ல் 'பம்மல் கே. சம்பந்தம்', 'பஞ்சதந்திரம்', 2004-ல் 'வசூல்ராஜா'. இடையில் ரஜினிகாந்துக்கு 'அருணாசலம்'. இத்தனைக்கும் நடுவில் மேடையை விடவில்லை. சபாக்களில் தம்பி மாது பாலாஜி 'மாது'வாகவே வருஷக்கணக்கில் நடித்துக்கொண்டிருந்தார். மோகன் வெண்பா எழுதினார், படம் வரைந்தார், கூட்டுக் குடும்பமாக வாழ்ந்தார்.

நியாயமாக ஒன்றையும் சொல்லிவிட வேண்டும். இந்தப் படங்களில் பலவற்றின் திரைக்கதை கமல்ஹாசனுடையது. 'அபூர்வ சகோதரர்கள்' கதை பஞ்சு அருணாசலத்துடையது. 'அவ்வை சண்முகி', 'வசூல்ராஜா' இரண்டும் வேறு மொழிப் படங்களின் வழியில் வந்தவை. சிங்கீதம் சீனிவாச ராவும் கே.எஸ். ரவிகுமாரும் இல்லாமல் அந்த வேகம் வந்திருக்காது. சினிமா பத்துக் கை சேர்ந்து இழுக்கும் தேர். மோகன் மட்டுமே எல்லாவற்றையும் செய்தார் என்று நான் சொல்லவில்லை. ஆனால் வடம் பிடித்த பத்துப் பேரில் ஒருவர் பெயர் மட்டும் எப்போதும் விட்டுப்போனால் அது சரியில்லை, இல்லையா?

அவருடைய வசனம் வெறும் சொல் விளையாட்டு என்று நினைப்பவர்கள் இரண்டு இடங்களைத் திரும்பப் பாருங்கள். 'அபூர்வ சகோதரர்க'ளில் ஜனகராஜ் இன்ஸ்பெக்டர், ஆர்.எஸ். சிவாஜி அவருக்குக் கான்ஸ்டபிள். கொலை நடந்த இடத்துக்கெல்லாம் வந்து இன்ஸ்பெக்டர் தப்புத்தப்பாய் யூகிக்கிறார். கான்ஸ்டபிள் ஒவ்வொரு தடவையும் மெய்சிலிர்த்துப் பாராட்டுகிறார். நாம் சிரிக்கிறோம். அந்தத் தப்பு யூகம்தான் செய்யாத குற்றத்துக்கு மெக்கானிக் ராஜாவைக் கொண்டுபோய் மாட்டுகிறது. சிரிப்பை எடுத்துவிட்டால் கதையே நகராது. இன்னொன்று, 'மகளிர் மட்டும்'. அதில் நாகேஷ் பிணமாக வருகிறார். ஒரு வரி வசனம்கூட இல்லை. பேசாத பிணத்தைச் சுற்றி நிற்கும் பெண்கள் என்ன பேசினால், எங்கே பேச்சை நிறுத்தினால் சிரிப்பு வரும் என்று கணக்குப் போட்டு எழுதியிருக்கிறார். நாகேஷைப் போன்ற ஒரு மகாநடிகரை வாய் திறக்காமல் வைத்து எழுத எவ்வளவு தைரியம் வேண்டும்!

எனக்கு அவரிடம் குறையும் உண்டு. மேடை நாடகங்களில் சிலேடை சில சமயம் அடைமழையாகக் கொட்டும். ஒன்றுக்குச் சிரித்து முடிப்பதற்குள் மூன்று போய்விடும், கதை எங்கே நின்றது என்று மறந்துவிடும். உடம்பையும் உருவத்தையும் கேலி செய்யும் இடங்கள் சில இன்றைக்குக் காதில் உறுத்துகின்றன. சபா நகைச்சுவை நாடகங்களைத் 'துணுக்குத் தோரணம்' என்று விமர்சகர்கள் சொன்னார்கள். அதில் கொஞ்சம் உண்மை இருந்தது. ஆனால் யோசித்துப் பாருங்கள். அவர் கட்டிய மாலைகளை அறுத்து, பூவை மட்டும் எடுத்து, நாம் கட்டிக்கொண்டிருப்பதுதான் அசல் துணுக்குத் தோரணம்.

இனி அந்தப் பெயர் விஷயம். மோகனின் நாடகங்களில் கதாநாயகி பெயர் எப்போதும் ஜானகி. 'அபூர்வ சகோதரர்க'ளில் கௌதமி ஜானகி, 'அவ்வை சண்முகி'யில் மீனா ஜானகி, 'தெனாலி'யில் ஜோதிகா ஜானகி, 'வசூல்ராஜா'வில் சினேகா ஜானகி. ஜானகி என்பது பள்ளிக்கூடத்தில் அவரை முதன்முதலாக மேடையேற்றிய டீச்சரின் பெயர். தனக்கு ஒரு வாசல் திறந்துவிட்டவரின் பெயரை, கோடிக்கணக்கில் செலவழித்து எடுக்கும் படத்தில்கூட விடாமல் சொல்லிக்கொண்டே இருந்தார். நீங்கள் வாயசைக்கும் காட்சிகளிலேயே அந்த டீச்சர் இருக்கிறார். மோகன்தான் இல்லை.

அவர் 2019 ஜூன் 10-ல் சென்னையில் மாரடைப்பால் காலமானார். வயது 66. அதே நாளில்தான் பெங்களூரில் கிரீஷ் கர்னாட் காலமானார். எழுபதுகளில் நம் புனே திரைப்படக் கல்லூரிக்கு இயக்குநராக இருந்தவர், பெரிய நாடகாசிரியர். அன்று என் சொசைட்டியில் எல்லோரும் கர்னாடைப் பற்றிப் பேசினார்கள், பேசத்தான் வேண்டும். மோகனைப் பற்றிப் பேச எனக்கு அங்கே ஆள் இல்லை. மாடிக்குப் போய்க் கொஞ்ச நேரம் தனியாக நின்றேன்.

சட்டம் பற்றி உங்களில் யாரோ கேட்டதாகக் காதில் விழுந்தது. கட்டணம் வாங்காமல் அமெச்சூர் குழு நாடகம் போடுவதற்கு 1957-ஆம் வருஷத்துப் பதிப்புரிமைச் சட்டத்தில் விலக்கு உண்டு. ஆனால் அதே சட்டத்தின் 57-வது பிரிவு, இதை எழுதியவன் நான் என்று சொல்லிக்கொள்ளும் உரிமையை எழுத்தாளனுக்குத் தனியாக எடுத்துக் கொடுத்திருக்கிறது. எழுத்தாளர் காலமான பிறகும் அறுபது வருஷம் உரிமை குடும்பத்திடம் இருக்கும். மோகன் விஷயத்தில் 2079 முடியும் வரை. டிக்கெட் போட்டால் அனுமதி கேட்டாக வேண்டும். போடாவிட்டாலும் அவருடைய குழுவுக்கு ஒரு கடிதம் எழுதுங்கள். உங்கள் நாடகத்தை நிக்டியில் போடப்போகிறோம் என்று சொல்வதில் நமக்கும் ஒரு மரியாதை இருக்கிறது.

முழுக்கதையிலிருந்து வரும் சிரிப்புக்குப் பக்கத்து வீட்டுக்காரர்களிடமும் உதாரணம் இருக்கிறது. மராத்தி நண்பரிடம் 'அஷி ஹீ பன்வா பன்வி' என்று சொல்லிப் பாருங்கள், முகம் மலர்ந்துவிடும். 1988-ல் வந்த படம். சச்சின் இயக்கியது, அசோக் சராஃப், லக்ஷ்மிகாந்த் பெர்டே, சித்தார்த், சச்சின் நால்வரும் நடித்தது. திரைக்கதை, வசனம் வசந்த் சப்னிஸ். 1965-ல் 'விச்சா மாஜீ புரீ கரா' என்ற லோகநாட்டியத்தை, அதாவது நாட்டுப்புற நாடகத்தை, எழுதி, தாதா கோண்ட்கேயை மகாராஷ்டிரம் முழுவதும் பிரபலமாக்கியவர் அவர். 'பன்வா பன்வி'யின் மூலம் ஒரு வங்காளக் கதை. ரிஷிகேஷ் முகர்ஜி அதை 1966-ல் 'பீவி அவுர் மகான்' என்று இந்தியில் எடுத்தார். சப்னிஸ் அதைத் தூக்கி வந்து புனேயில் நட்டார். நட்ட விதத்தில் அது இந்த மண்ணின் கதையாகவே ஆகிவிட்டது. தங்க இடம் இல்லாத நாலு பையன்கள்; தம்பதிகளுக்கு மட்டுமே வீடு தருவேன் என்று சொல்லும் மூதாட்டி; இரண்டு பேர் சேலை கட்டிக்கொண்டு மனைவிகளாகிவிடுகிறார்கள். அந்தப் பொய் அடுத்த பொய்யைக் கேட்கிறது, அது அதற்கடுத்ததைக் கேட்கிறது.

எனக்கு அந்தப் படம் ஏன் அவ்வளவு பிடிக்கும் என்று சொல்கிறேன். 1981-ல் திருச்சியிலிருந்து நாங்கள் மூன்று பேர் இங்கே வேலைக்கு வந்தோம். பிராதிகரணில் அப்போது பிளாட் பிளாட்டாகக் காலி மனை, நடுநடுவே வீடு. முதல் ஆறு மாதம் 'காட் பேசிஸ்' என்று ஒரு அறையில் எட்டுக் கட்டில். வீடு பார்க்கப் போனால் "ஃபேமிலி ஆஹே கா?", குடும்பம் இருக்கிறதா என்பதுதான் முதல் கேள்வி. எங்களில் ஒருவனுக்கு நாலு மாதத்தில் கல்யாணம் நிச்சயமாகியிருந்தது. கடைசியாகப் பார்த்த வீட்டில், தனியாக வாழ்ந்த ஒரு ஆஜி (மராத்தியில் பாட்டி) அதே கேள்வியைக் கேட்டபோது அவன் வாயிலிருந்து வந்துவிட்டது: ஃபேமிலி இருக்கிறது, பிரசவத்துக்குத் தாய்வீடு போயிருக்கிறாள். நாங்கள் இரண்டு பேரும் அவனுடைய தம்பிகள்.

வீடு கிடைத்தது. அதற்கப்புறம் ஆஜி வாரம் ஒருமுறை வாசலில் நின்று கேட்பார், "காய், ஜாலா கா?" குழந்தை பிறந்தாயிற்றா? எத்தனை வாரம் தள்ள முடியும்? ஒரு நாள் பிறந்துவிட்டது என்று சொல்லிவிட்டான். பையனா பெண்ணா? இந்த ஊரில் பையன் என்றால் பேடா, பெண் என்றால் பர்ஃபி. கையில் இருந்த காசுக்குக் கால் கிலோ பேடா வாங்கிக் கொடுத்தோம். ஆஜி அதோடு விடவில்லை. நெய்யும் கோந்தும் கொப்பரையும் போட்டு ஒரு டப்பா டிங்க் லாடு பிடித்துக் கொண்டுவந்தார். பிள்ளை பெற்றவளுக்கு இடுப்புக்குப் பலம்; ஊருக்குப் போகிறவர் யாரிடமாவது கொடுத்தனுப்பு என்றார். அந்த வயதில், அந்த விலைவாசியில், முன்பின் தெரியாத ஒரு தமிழ்ப் பெண்ணுக்காக. இரவு ஷிப்டுக்குப் போகும்போது அந்த லாடுகளை நாங்கள் மூவரும் தின்றோம். தொண்டையில் இறங்கவில்லை.

கல்யாணம் முடிந்து அவன் மனைவி நிஜமாகவே வந்தாள். கையில் குழந்தை இல்லை, தாலியில் மஞ்சள் புதுசாக இருந்தது. ஆஜி வாசலில் நின்று அவளை ஏற இறங்கப் பார்த்தார். அவன் காலில் விழுந்து எல்லாவற்றையும் சொன்னான். ஆஜி கொஞ்ச நேரம் ஒன்றும் பேசவில்லை. உள்ளே போய் ஒரு தேங்காயும் ரவிக்கைத் துணியும் குங்குமமும் எடுத்துவந்து அந்தப் பெண்ணின் மடியில் போட்டார். அவனைப் பார்த்து ஒரே ஒரு கேள்வி கேட்டார். லாடு நன்றாக இருந்ததா?

இதை யாரும் நாடகமாக எழுதவில்லை. நாற்பது வருஷமாக என்னிடம் சும்மா கிடக்கிறது. உங்களுக்குத் தருகிறேன், எடுத்துக்கொள்ளுங்கள்.

வீட்டுக்காகத் தவிக்கும் கதை வேறு நாட்டிலும் உண்டு. சில வருஷங்களுக்கு முன்னால் புனேயில் ஒரு திரையிடலில் ஸ்பானிய மொழிப் படம் ஒன்று பார்த்தேன். 'எல் வெர்துகோ', மரண தண்டனை நிறைவேற்றுபவன் என்று பொருள். 1963-ல் வந்தது. லூயிஸ் கார்சியா பெர்லாங்கா இயக்கம். அவரோடு சேர்ந்து எழுதியவர் ரஃபேல் அஸ்கோனா. கதையின் மையம் வீடுதான். சவ அடக்கம் செய்யும் கம்பெனியில் வேலை பார்க்கும் ஒருவன், மரண தண்டனை நிறைவேற்றும் கிழவர் ஒருவரின் மகளைக் கட்டிக்கொள்கிறான். மாமனார் அரசு ஊழியர் என்பதால் அரசுக் குடியிருப்பில் வீடு ஒதுக்கப்படுகிறது. அவர் ஓய்வு பெற்றால் வீடு போய்விடும். வீட்டைக் காப்பாற்ற மருமகன் அந்த வேலைக்குக் கையெழுத்துப் போடுகிறான். தண்டனையே வராது, சம்பளம் மட்டும் வரும் என்று நம்புகிறான். வந்துவிடுகிறது. கடைசியில் ஒரு பெரிய வெள்ளைக் கூடத்தில் இரண்டு கூட்டம் நடந்து போகிறது. முன்னால் தண்டனை பெற்றவன் நடந்து போகிறான். பின்னால் தண்டனை நிறைவேற்ற வேண்டியவனை நாலு பேர் இழுத்துக்கொண்டு போகிறார்கள். ஃபிராங்கோவின் சர்வாதிகாரம் நடந்துகொண்டிருந்த நாட்டில், மரண தண்டனை நிஜமாகவே நிறைவேறிக்கொண்டிருந்த அதே வருஷத்தில், தணிக்கையையும் தாண்டி இந்தப் படம் வெனிஸ் விழாவுக்குப் போனது.

அன்றிலிருந்து அஸ்கோனாவைத் தேடித் தேடிப் படித்தேன். 1926-ல் லோக்ரோன்யோ என்ற ஊரில் பிறந்தவர். 1951-ல் மத்ரீதுக்குப் பிழைக்க வந்து, 'லா கோதோர்னிஸ்' என்ற நகைச்சுவைப் பத்திரிகையில் எழுதினார். நம்மூரில் விகடனிலும் குமுதத்திலும் துணுக்கெழுதி மேலே வந்தவர்கள் இல்லையா, அந்த மாதிரி. அவர் முதலில் எழுதிய படமும் வாடகை வீட்டுக் கதைதான். 'எல் பிசித்தோ', சின்ன வீடு என்று அர்த்தம். வீடு கிடைக்காததால் வருஷக்கணக்கில் கல்யாணத்தைத் தள்ளிக்கொண்டே போகும் ஜோடி. வாடகை உரிமை கைமாறும் என்பதற்காக அந்தப் பையன், சாகப் போகும் கிழவியைக் கல்யாணம் செய்துகொள்கிறான். கிழவி லேசில் சாவதாக இல்லை. 1961-ல் வந்த 'பிளாசிதோ'வில் நாயகனிடம் ஒரு மூன்று சக்கரச் சரக்கு வண்டி. தவணைப் பணத்தை அன்றிரவுக்குள் கட்டாவிட்டால் வண்டி போய்விடும். ஊரோ கிறிஸ்துமஸுக்கு ஏழை ஒருவரை வீட்டுக்குக் கூப்பிட்டுச் சோறு போடுங்கள் என்று தர்மப் பிரசாரம் செய்துகொண்டிருக்கிறது. அதற்கு ஓடும் வண்டி அவனுடையது. அவன் குடும்பத்தைத்தான் யாரும் கவனிக்கவில்லை. மூன்று சக்கர வண்டி செய்தே சோறு தின்ற ஆகுர்டிக்காரன் நான். அந்த வண்டியைத் திரையில் பார்த்ததும் சொந்தக்காரனைப் பார்த்த மாதிரி இருந்தது.

அஸ்கோனா ஐம்பது வருஷம் எழுதினார். கேமராவுக்கு முன்னால் வர விரும்பாதவர், பேட்டிக்கு லேசில் பிடிகொடுக்காதவர். 1994-ல் ஆஸ்கார் வாங்கிய 'பெல் எபோக்' அவர் திரைக்கதை. 2008 மார்ச்சில் காலமானார். கடைசியாக எழுதிய படம் அதற்குப் பிறகுதான் வெளிவந்தது. அவர் பெயரைச் சொன்னால் ஸ்பெயினில் எழுத்தாளர் என்று தெரிகிறது. 'அஸ்கோனா மாதிரி' என்று ஒரு பேச்சே இருக்கிறது என்கிறார்கள்.

சப்னிஸுக்கும் அஸ்கோனாவுக்கும் மோகனுக்கும் ஒருவரை ஒருவர் தெரிந்திருக்க வாய்ப்பில்லை. குணத்திலும் மூவரும் வேறு. அஸ்கோனாவின் சிரிப்பில் கசப்பு அதிகம், படம் முடிந்தபின் நெஞ்சில் ஏதோ அடைத்துக்கொண்டிருக்கும். மோகன் யாரையும் அழவிட மாட்டார். அவர் உலகத்தில் எல்லோரும் கடைசியில் ஒரே பந்தியில் உட்கார்ந்துவிடுவார்கள். சப்னிஸ் தெருக்கூத்து மாதிரி உரத்துப் பேசுவார். ஆனால் மூவருமே ஒருவனுக்கு என்ன தேவை என்பதிலிருந்துதான் தொடங்குகிறார்கள். ஒரு வீடு, ஒரு வேலை, ஒரு தவணை. அது கிடைக்க அவன் ஒரு சின்னப் பொய் சொல்கிறான் அல்லது வேண்டாத ஒன்றுக்குத் தலையாட்டுகிறான். அதை நன்றாக ஊன்றிவிட்டு, பிறகு சிரிப்புக்காக எங்கேயும் வெளியே போய்த் தேடுவதில்லை.

உங்களுக்கும் வெளியே தேட வேண்டியதில்லை. நிக்டியில் இன்றைக்கும் பேச்சிலருக்கு வீடு தர மறுக்கும் சொசைட்டிகள் இருக்கின்றன. பதினோரு மாத அக்ரிமென்ட், போலீஸ் வெரிஃபிகேஷன், கேட்டில் வாட்ச்மேன் காட்டச் சொல்லும் செயலி, டிபாசிட்டைத் திருப்பித் தராத ஓனர். ஊரிலிருந்து அப்பா அம்மா வரும் நாளில் ரூம்மேட்டை எங்கே அனுப்புவது என்ற கவலை உங்களில் பல பேருக்கு உண்டு. எனக்கு உங்கள் சிரிப்பிலேயே தெரிந்தது. டீ இடைவேளையில் நீங்கள் பேசிக்கொண்டதை நான் கேட்டுக்கொண்டிருந்தேன். செகண்ட் ஷிப்ட் முடிந்து வரும் பையனும் காலையில் போகும் பையனும் ஒரே கட்டிலை மாற்றி மாற்றிப் பயன்படுத்துகிறார்கள், ஓனருக்கு ஒரே ஆள்தான் குடியிருப்பதாகக் கணக்கு என்று ஒரு தம்பி சொன்னார். மேடையில் நீங்கள் வாயசைத்த எதையும்விட எனக்கு அது பிடித்தது. பாதி மராத்தி, பாதி மதுரைத் தமிழ், நடுவில் இந்தி. அந்தப் பேச்சை அப்படியே எழுதுங்கள். 'சதிலீலாவதி'யில் கோயம்புத்தூர்த் தமிழையும் 'தெனாலி'யில் ஈழத் தமிழையும் வைத்து எழுதினார் மோகன். பாஷையைக் கேலி செய்வதற்கும் அந்தப் பாஷை பேசுகிறவனைக் கதாநாயகனாக்குவதற்கும் உள்ள வித்தியாசத்தை அதில் படிக்கலாம்.

விழாவுக்கு இன்னும் ஒன்பது வாரம் இருக்கிறது. எழுத நேரம் போதாது என்றால் மோகனின் நாடகம் ஒன்றை முழுசாக எடுங்கள். 'மாது பிளஸ் டூ', 'மீசை ஆனாலும் மனைவி', 'அலாவுதீனும் 100 வாட்ஸ் பல்பும்', 'சாக்லேட் கிருஷ்ணா' என்று நிறைய இருக்கின்றன. அரங்கப் பொருள் அதிகம் வேண்டாம். ஒரு சோபா, ஒரு கதவு, டெலிபோன். பதிவு செய்த ஒலியை நிறுத்திவிட்டு உங்கள் சொந்தக் குரலில் பேசுங்கள். சபையின் சிரிப்பு அடங்கும் வரை காத்திருந்து அடுத்த வரியைச் சொல்ல ஒலிப்பதிவால் முடியாது, உங்களால் முடியும். அந்தக் குழந்தையின் கேள்வியை அளவுகோலாக வைத்துக்கொள்ளுங்கள். படமே பார்க்காத ஒருவர், தமிழ் பாதிதான் தெரிந்த ஒருவர், முதல் வரிசையில் உட்கார்ந்து சிரிக்கிறாரா என்று ஒவ்வொரு ஒத்திகையிலும் பாருங்கள்.

வருகிற ஞாயிறும் வருகிறேன். என்னிடம் ஒரு பழைய நோட்டுப் புத்தகம் இருக்கிறது. ஆஜி வீட்டு நாட்களைத் தேதியோடு எழுதி வைத்திருக்கிறேன், அதை எடுத்துவருகிறேன். நோட்டீஸை மறுபடி அச்சடிக்க ஆகும் செலவு என்னுடையது. நாடகத்தின் தலைப்புக்குக் கீழே, நடிகர்களுக்கு மேலே, அதே எழுத்து அளவில் ஒரு வரிக்கு இடம் விடச் சொல்லி பிரஸ்ஸில் சொல்லிவிட்டேன். அதில் யார் பெயர் வரும் என்பதை நீங்கள் சனிக்கிழமைக்குள் முடிவு செய்து சொன்னால் போதும்.

அன்புடன்,
யமுனா நகரிலிருந்து
உங்கள் பின்வரிசைப் பெரியவர்